பரங்கிப்பேட்டை வழியாகப் போன ஓட்டு

நான் கடலூருக்குப் போனது கண்ணுக்காக. ஓட்டுக்காக அல்ல.

கண்கூட என்னுடையது அல்ல. என் கணவரின் தங்கை ரெஜினாவுக்குக் கண்புரை ஆபரேஷன். அவள் கணவர் மஸ்கட்டில், மகன் பெங்களூரில் புது வேலையில். என் கணவருக்கு லீவு கிடைக்கவில்லை. நான் வேலை பார்ப்பது அமெரிக்காவில், வருடத்தில் பாதி நாள் பனி கொட்டும் ஒரு வடக்கு மாநிலத்தில், ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில். “அங்க நூறு பேருக்குச் சமைக்கிறவ, இங்க ஒருத்திக்குச் சமைக்க மாட்டியா?” என்று கேட்டு அவர் என்னை விமானம் ஏற்றிவிட்டார்.

ரெஜினா என்னைவிட மூன்று வயது மூத்தவள். ஆனால் அண்ணன் மனைவி என்பதால் என்னை “அண்ணி” என்பாள். நான் பெயர் சொல்லி “நீங்க” என்பேன். அவள் அரசுப் பள்ளியில் கணக்கு டீச்சர். மஞ்சக்குப்பத்தில் சின்ன வீடு. நான் போய் இறங்கிய மறுநாளே ஆபரேஷன் என்று ஏற்பாடு. ஆஸ்பத்திரியில் ரத்தம் எடுத்துப் பார்த்துவிட்டு, “சர்க்கரை இறங்கட்டும், அப்புறம் பாத்துக்கலாம்” என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். இறங்குவதற்கு இரண்டு வாரம் ஆனது. அந்த இரண்டு வாரமும் ரெஜினா எனக்கு வஞ்சனையில்லாமல் மீன் வாங்கிப் போட்டாள். சுறாப்புட்டு, நெத்திலி வறுவல், சங்கராக் குழம்பு. அவள் கேழ்வரகுக் களியும் கீரையும் சாப்பிட்டுக்கொண்டு, நான் மீன் சாப்பிடுவதை ஒரு புரைக் கண்ணாலும் ஒரு நல்ல கண்ணாலும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

இந்தத் தாமதத்தில்தான் ஓட்டு வந்து மாட்டியது. நான் திரும்பிப் போகும் தேதி தேர்தலுக்கு அப்புறம் என்றாகிவிட்டது.

போன வருடம்தான் எனக்கு அந்த நாட்டுக் குடியுரிமை கிடைத்தது. இது எனக்கு முதல் தேர்தல். அமெரிக்காவில் முதல் தேர்தல் என்று சொல்லவில்லை. வாழ்க்கையிலேயே முதல். பதினெட்டு வயதில் என் பெயர் பட்டியலில் இல்லை. இருபத்தோரு வயதில் பெயர் இருந்தது. புதுப் புடவை கட்டிக்கொண்டு போனேன். என் பெயருக்கு எதிரே யாரோ ஏற்கெனவே கையெழுத்துப் போட்டிருந்தார்கள். “உன் ஓட்டுப் போட்டாச்சும்மா, போ” என்றார் ஒருவர். நான் போய்விட்டேன். பிறகு கல்யாணம், கப்பல் ஏறாத குறையாக வெளிநாடு. இப்போது நாற்பத்தேழு வயது. விரலில் மை படாமலேயே பாதி ஆயுள் போயிருக்கிறது.

இதைக் கேட்ட ரெஜினாவுக்கு வந்த கோபம்! ஆறு தேர்தலில் வாக்குச்சாவடித் தலைமை அலுவலராக உட்கார்ந்தவள் அவள்.

“இன்னா அண்ணி, அப்டியே வந்துட்டீங்களா? உங்க ஓட்ட வேற யாராச்சும் போட்டிருந்தா, உங்களுக்குத் தனியா ஒரு பேலட்டு குடுக்கணும். டெண்டர் ஓட்டுன்னு பேரு. அந்த ஆபீசரு யாரு?”

“இருபத்தாறு வருஷம் ஆச்சு ரெஜினா.”

“ஆகட்டும். மெமோ குடுத்திருக்கணும் அந்தாளுக்கு.”

எங்கள் மாநிலத்தில் அன்றைக்குப் பல பதவிகளுக்குத் தேர்தல். அதில் எனக்கு முக்கியமாகப் பட்டது, ரெஜினாவுக்குப் புரியவே புரியாதது, ஒன்றுதான். மாநிலத்தின் தலைமைத் தேர்தல் அதிகாரி யார் என்பதற்கான தேர்தல். வாக்காளர் பட்டியல், ஓட்டுச் சீட்டு, விதிமுறை, கடைசியில் முடிவு அறிவிப்பது எல்லாம் அவர் பொறுப்பு. அவரையே மக்கள்தான் ஓட்டுப் போட்டு எடுக்கிறார்கள். கட்சிச் சார்பில் நிற்கிறார். இந்த முறை, ஏற்கெனவே பதவியில் இருக்கிறவரே மறுபடி நின்றார்.

ரெஜினா கையில் இருந்த கீரைக் கட்டைக் கீழே வைத்தாள். “இருங்க. தேர்தல் நடத்துறவரே தேர்தல்ல நிக்கிறாரா?”

“ஆமா.”

“பரீட்சை எழுதுற புள்ளையே பேப்பரும் திருத்துற மாதிரி இல்ல?”

எண்ணுவது ஒவ்வொரு மாவட்டத்திலும் வேறு ஆட்கள், இரண்டு கட்சிக்காரர்களும் பக்கத்தில் இருப்பார்கள், என்றெல்லாம் சொன்னேன். அவள் சமாதானம் ஆகவில்லை. “இங்க கலெக்டரம்மா கட்சிக்கொடி கட்டிட்டு வந்தா நாங்க டியூட்டிக்கே போவ மாட்டோம்” என்றாள்.

வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு ஓட்டுச் சீட்டை மின்னஞ்சலில் அனுப்புவார்கள். நாம் அச்செடுத்து, வட்டத்தைக் கறுப்பாக்கி, கவரில் போட்டுக் காகிதமாகவே திருப்பி அனுப்ப வேண்டும். தேர்தல் நாளான செவ்வாய்க்கிழமை அங்கே போய்ச் சேர்ந்திருக்க வேண்டும். ஒரு நாள் பிந்தினாலும் குப்பைதான். விண்ணப்பத்தை அனுப்பிவிட்டுக் காத்திருந்தேன்.

வியாழக்கிழமை ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. வெள்ளிக்கிழமை கட்டைப் பிரித்ததும் ரெஜினா முதலில் சொன்னது, “அண்ணி, உங்களுக்கு இவ்ளோ நரை இருக்கா?” கறுப்புக் கண்ணாடி கொடுத்தார்கள். தலைக்குத் தண்ணீர் ஊற்றக் கூடாது, குனியக் கூடாது, அடுப்புப் பக்கம் போகக் கூடாது. இரண்டு சொட்டு மருந்து, ஐந்து நிமிட இடைவெளியில், ஒரு நாளைக்கு ஆறு தடவை. நான் போனில் அலாரம் வைத்துக்கொண்டேன்.

திங்கட்கிழமை காலை ஓட்டுச் சீட்டு வந்தது. அதோடு மழையும் வந்தது.

கடலூர் மழையைப் பற்றி எனக்கு அனுபவம் போதாது. எங்கள் ஊரில் பனி சத்தமில்லாமல் வந்து கழுத்தளவு நிற்கும்; யாருடனும் பேசாது. இங்கே மழை கதவைத் தட்டி, கூரையைத் தட்டி, பக்கத்து வீட்டுத் தகரத்தைத் தட்டி, ஊரையே எழுப்பிப் பேசுகிறது. தெருவில் கணுக்கால் தண்ணீரில் நடந்து போய் ஜெராக்ஸ் கடையில் அச்செடுத்தேன். கடைக்காரர் காகிதத்தைப் பார்த்துவிட்டு, “இன்னா மேடம், ஓஎம்ஆர் ஷீட்டா? குரூப் ஃபோரா?” என்றார்.

தேர்தலுக்குச் சரியாக ஒரு வாரம் முன்பு, செவ்வாய்க்கிழமை, ரெஜினா வீட்டில் வாக்குச்சாவடி திறந்தது.

நான் சும்மா சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து போட்டுவிடலாம் என்று நினைத்திருந்தேன். அவள் விடவில்லை. மிக்சி வந்த அட்டைப்பெட்டியை மூன்று பக்கமும் மறைப்பாக நிறுத்தினாள். சன்னல் கதவைச் சாத்தினாள். பூ கொண்டுவந்த எதிர்வீட்டுப் பெண்ணை, “நூறு மீட்டருக்குள்ள நிக்காத புள்ள, அப்புறம் வா” என்று அனுப்பினாள். கறுப்புக் கண்ணாடியோடு மேசையின் அந்தக் கோடியில் உட்கார்ந்து, என் பாஸ்போர்ட்டை வாங்கி, படத்தையும் என் முகத்தையும் மாற்றி மாற்றிப் பார்த்தாள்.

“பேரு?”

“ரெஜினா!”

“அது என் பேரு. உங்க பேரச் சொல்லுங்க.”

சொன்னேன். சிரித்தால் நடவடிக்கை எடுப்பாள் போல இருந்தது, சிரிக்கவில்லை. அட்டைப்பெட்டிக்குள் குனிந்தேன். இரண்டு பேரைப் பற்றியும் நிறையப் படித்திருந்தேன். ஒருவர் தபால் ஓட்டை இன்னும் எளிதாக்குவேன் என்றார். மற்றவர், எளிதாக்கியதில்தான் ஓட்டை விழுந்துவிட்டது, இறுக்கிப் பிடிப்பேன் என்றார். என் ஓட்டு எனக்குப் பதில் வேறு யாராலோ போடப்பட்ட அனுபவமும் எனக்கு உண்டு; என் ஓட்டுக் கடல் தாண்டிப் போக வேண்டிய நிலைமையும் உண்டு. இரண்டு பக்கமும் எனக்கு நியாயம் தெரிந்தது. கொஞ்ச நேரம் யோசித்தேன். ஒரு வட்டத்தைக் கறுப்பாக்கினேன்.

அந்த நேரம் பார்த்து அலாரம் அடித்தது.

சொட்டு மருந்து நேரம். ரெஜினா நாற்காலியிலேயே தலையைச் சாய்த்தாள். நான் எழுந்து போய், கண்ணிமையைப் பிரித்து, முதல் சொட்டை விட்டேன். ஐந்து நிமிடம் கழித்து, இரண்டாவது புட்டியை எடுக்கக் கையை மேசைக்கு மேலே நீட்டினேன். மூடி சரியாக மூடியிருக்கவில்லை. ஒரு சொட்டு, ஒரே ஒரு சொட்டு, மறைப்புக்குப் பின்னால் கிடந்த காகிதத்தில் விழுந்தது. விழுந்தது மட்டுமா, நேரே நான் கறுப்பாக்கிய வட்டத்தின் மேல் விழுந்து, மையைக் கரைத்துப் பக்கத்து வட்டத்துக்கும் இழுத்துக்கொண்டு போனது.

“இன்னா சத்தத்தையே காணோம்?” என்றாள் ரெஜினா, கண்ணை மூடியபடி.

சொன்னேன். அவள் எழுந்து வந்து காகிதத்தைப் பார்க்காமல், முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு கேட்டாள். “ரெண்டு வட்டத்துலயும் மை இருக்கா?”

“இருக்கு.”

“செல்லாத ஓட்டு.”

அவள் குரலில் இரக்கமே இல்லை. காகிதத்தை அவள் கண்ணெதிரே கிழித்துப் போட்டேன். மறுபடி அச்செடுத்தால் போயிற்று என்றுதான் நினைத்தேன். ஆனால் பதினொரு மணிக்கு மின்சாரம் போய்விட்டது. ஜெராக்ஸ் கடை, அதற்கடுத்த கடை, பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே இருக்கும் கடை, எங்கும் இருட்டு. கூரியர் ஆபீசுக்குப் போன் செய்தால், “ஃபாரின் வண்டி மழையால வரல மேடம், வெள்ளிக்கெழமதான்” என்றார்கள். வெள்ளிக்கிழமை கிளம்பினால் செவ்வாய்க்கிழமை போய்ச் சேராது. ரெஜினா விரல்விட்டு எண்ணிப் பார்த்தாள். கணக்கு டீச்சர் கணக்கும் அதையேதான் சொன்னது.

“வுடுங்க ரெஜினா. அடுத்த தேர்தல்ல பாத்துக்கலாம்” என்றேன். சொல்லும்போதே எனக்கு அழுகை வந்தது. ஒரு காகிதத்துக்காக நாற்பத்தேழு வயதில் அழுவது வெட்கமாகவும் இருந்தது.

அவள் மிக்சி அட்டைப்பெட்டியை மடித்து வைத்துவிட்டு, “சிதம்பரத்துல கரண்ட்டு இருக்கும், பெரிய கூரியர் ஆபீசும் இருக்கு” என்றாள். பிறகு டாக்டருக்குப் போன் போட்டாள். “டாக்டர், கண்ணுல தண்ணி படாம நான் சிதம்பரம் போலாமா? ... அவசரம்தான் டாக்டர். எலெக்ஷன் டியூட்டி.”

புதன்கிழமை காலை ஏழரைக்குக் கடலூர் பஸ் ஸ்டாண்டில் நின்றோம். ரெஜினா கறுப்புக் கண்ணாடி, அதற்கு மேல் முக்காடு, கையில் பெரிய ஆண்பிள்ளைக் குடை. “நான் ஒருத்தியே போயிட்டு வர்றேன்” என்று எவ்வளவோ சொன்னேன். “பேலட்டத் தனியா அனுப்புற வழக்கம் எங்களுக்கு இல்ல” என்று முடித்துவிட்டாள்.

ஏறிய பஸ்ஸில் வைப்பர் ஒரு பக்கம்தான் வேலை செய்தது; டிரைவர் பக்கம் இல்லை. கண்டக்டர் ஒவ்வொரு நிறுத்தத்திலும் இறங்கி, பழைய பேப்பரைச் சுருட்டிக் கண்ணாடியைத் துடைத்துவிட்டு ஏறினார். ஆலப்பாக்கம் தாண்டியதும் மழை அதற்கும் அடங்கவில்லை. டிரைவர் வண்டியை ஓரங்கட்டி, “கொஞ்சம் வுடட்டும்” என்று பீடியை எடுத்தார். அரை மணி நேரம் நின்றோம்.

நின்ற பஸ்ஸில் யாரும் சும்மா இருப்பதில்லை. அமெரிக்காவில் நின்றுபோன பஸ்ஸில் எல்லோரும் போனைப் பார்ப்பார்கள். இங்கே எல்லோரும் பக்கத்து ஆளைப் பார்க்கிறார்கள். எங்கே போகிறோம் என்று பின் சீட்டு அம்மா கேட்க, ரெஜினா சொல்ல, ஐந்து நிமிடத்தில் பஸ் முழுக்க விஷயம் பரவிவிட்டது.

“அமெரிக்காவுல ஓட்டுக்கு இன்னாக்கா குடுப்பாங்க?” என்றார் கண்டக்டர்.

“போட்டு முடிச்சா சட்டைல ஒட்டிக்க ஒரு ஸ்டிக்கர் குடுப்பாங்க.”

“ஸ்டிக்கரா?” அவர் பஸ்ஸைத் திரும்பிப் பார்த்து அறிவித்தார். “ஸ்டிக்கராம்ப்பா!”

“பிரியாணிகூட கெடையாதா?” என்றது ஒரு குரல்.

பின் சீட்டு அம்மாவுக்கு வேறு கவலை. “எலெக்ஷன் நடத்துற ஆபீசரையே ஓட்டுப் போட்டு எடுக்குறாங்கன்றீங்களே, அவரு தோத்துட்டா இன்னா பண்ணுவாரு? தோத்துட்டேன்னு அவரே சொல்லணுமா?”

“அவர்தான் சொல்லணும்.”

“சொல்லுவாரா?”

சட்டத்தில் இருக்கிறது என்றேன். அந்த அம்மா முகத்தைத் துடைத்துக்கொண்டு, “சட்டத்துல எல்லாந்தான் இருக்கு” என்றார்.

சிதம்பரம் போய்ச் சேரப் பதினொன்றரை. மழை விட்டு, கோபுரம் கழுவி வைத்தது போல நின்றது. ரெஜினாவுக்குச் சாப்பிட வேண்டும், மாத்திரை போட வேண்டும். ஒரு சின்ன ஓட்டலில் இட்லியும் கத்திரிக்காய்க் கொத்சும் சாப்பிட்டோம். கொத்சு என்றால் சாம்பாரின் தம்பி என்று நினைத்திருந்தேன். இல்லை, அது தனி ஆள். சுட்ட கத்திரிக்காயின் மணமும் புளிப்பும் தொண்டைவரை இறங்கியது. நான்காவது இட்லியில் ரெஜினா என் தட்டைப் பார்த்து, “அண்ணி, வேல இருக்கு” என்றாள்.

கீழவீதியில் ஒரு அச்சுக் கடை. மின்சாரம் இருந்தது. காகிதம் வந்தது. எங்கே வைத்துப் போடுவது? கடையில் இரண்டு கல்லூரி மாணவர்கள் புராஜக்ட் அச்செடுத்துக்கொண்டு நின்றார்கள். ரெஜினா சுற்றும்முற்றும் பார்த்தாள். வாசலில் கிடந்த பெஞ்சில் என்னை உட்கார வைத்தாள். குடையைப் பாதி விரித்து என் தலையையும் தோளையும் காகிதத்தையும் மறைத்துப் பிடித்துக்கொண்டு, தான் வீதியைப் பார்த்து நின்றாள். குடைக்குள் துணி வாசனையும் கொத்சு வாசனையும் கலந்து இருந்தன. வெளியே மணி அடித்தது, ஆட்டோ ஹாரன் அடித்தது, யாரோ “அந்தம்மாவுக்கு மயக்கமா?” என்று கேட்டார்கள். “ஓட்டுப் போடுறாங்க. போங்க” என்றாள் ரெஜினா.

மறுபடியும் அதே வட்டம். ஊதிக் காய வைத்தேன். உள் கவர், அதற்கு மேல் கையெழுத்துப் போட்ட உறுதிமொழித் தாள், வெளிக் கவர். ரெஜினா பசையை விரலால் மூன்று முறை அழுத்தினாள்.

அடுத்து கூரியர் ஆபீஸ். கவுண்டரில் இருந்தவர் கம்ப்யூட்டரைப் பார்த்தபடி, “உள்ள என்ன இருக்கு?” என்றார்.

“ஓட்டு.”

“ஓடா? வெயிட் ஜாஸ்தி ஆகுமேம்மா. ஒடைஞ்சா நாங்க பொறுப்பில்ல.”

வீட்டுக்கூரை ஓடு இல்லை, தேர்தல் ஓட்டு என்று விளக்க இரண்டு நிமிடம் ஆனது. விளங்கியதும் அவர் எழுந்தே நின்றுவிட்டார். ஆனால் சேதி நல்லதாக இல்லை. அன்றைய வெளிநாட்டுத் தபால் மதியமே போய்விட்டது. நாளை அனுப்பினால் ஆறு வேலை நாள். நடுவில் சனி, ஞாயிறு. “பொய் சொல்லி வாங்கிப் போட்டுக்க முடியாதும்மா” என்றார். பிறகு குரலைத் தணித்தார். “பரங்கிப்பேட்டைல காதர் பாய்னு ஒருத்தர் இருக்காரு. வெளிநாட்டுப் பார்சல் புக் பண்ணுறவரு. அவரு ஆளு இன்னிக்குச் சாயங்காலமே மூட்டையோட மெட்ராஸ் போவும். நாலு மணிக்குள்ள போயிடுங்க.”

மணி இரண்டே முக்கால். ஆட்டோ பிடித்தோம். வெள்ளாற்றுப் பாலத்தில் ஏறும்போது மழை மறுபடி பிடித்துக்கொண்டது. ஆட்டோவின் பக்கப் படுதா ஒரு பக்கம் கிழிந்திருந்தது. ரெஜினாவின் கண்ணில் தண்ணீர் படக் கூடாது, கவரிலும் படக் கூடாது, குடை ஒன்றுதான். நான் குடையை அவள் முகத்துக்கு நேரே பிடித்தேன். அவள் அதைக் கவர் பக்கம் தள்ளினாள். நான் மறுபடி அவள் பக்கம். “அண்ணி, கண்ணு வெலைக்குக் கெடைக்கும், ஓட்டு கெடைக்காது” என்று கத்தினாள். அது சரியான மருத்துவக் கருத்து அல்ல. நான் குடையை அவளுக்கே பிடித்தேன். கவரைப் புடவைக்குள் செருகியும் ஒரு ஓரம் நனைந்துவிட்டது.

காதர் பாய் கடை, பெரிய பள்ளிவாசல் தெருவுக்குள் ஒரு முன்னறை. சுவர் நிறைய துபாய், ஷார்ஜா, ஜித்தா என்று சாக்பீஸில் எழுதிய பலகைகள். நாங்கள் போனபோது மூன்று ஐம்பது. நடு அறையில் வெள்ளைக் கோணி மூட்டை, வாய் தைத்து முடிந்து, சாக்கு ஊசி இன்னும் நூலில் தொங்கிக்கொண்டிருந்தது.

“மூட்டை தச்சாச்சும்மா” என்றார் காதர் பாய். அறுபது வயதிருக்கும். “நாளைக்கு வாங்களேன்.”

ரெஜினா விஷயத்தைச் சொன்னாள். ஆபரேஷனில் ஆரம்பித்துக் கூரை ஓடு வரைக்கும். அவர் குறுக்கே பேசாமல் கேட்டார். கவரை வாங்கினார். நனைந்த ஓரத்தைத் தோள் துண்டால் ஒற்றி எடுத்து, மேசை விசிறியின் முன்னால் பிடித்தார்.

“நான் இருபத்திரண்டு வருஷம் சவுதிலயும் ஷார்ஜாவுலயும் இருந்தேன்” என்றார் விசிறியைப் பார்த்தபடி. “ஒரு எலெக்ஷனுக்கும் ஊர்ல இல்ல. வெளிநாட்டுல இருக்குறவன் ஓட்டுப் போடணும்னா டிக்கெட்டுப் போட்டு இங்க வரணும், தபால்ல போட முடியாது. எவனுக்கு லீவு குடுப்பான்? இப்ப எம்பையன் அங்க. எங்க தெருவுல பாதி வூட்டு ஆம்பளைங்க அங்கதான். லிஸ்ட்டுல பேரு இருக்கும், ஆளு இருக்க மாட்டான். உங்களுக்கு கவர்மெண்டே காயிதம் அனுப்பி, போடுன்னு சொல்லுதா?”

“ஆமா பாய்.”

“மாஷா அல்லாஹ்.” அவர் உள்ளே பார்த்துக் கூப்பிட்டார். “மச்சான்! கத்திரிக்கோலக் கொண்டா.”

உள்ளிருந்து வந்தவர் அவருடைய மச்சான். மூட்டையை எடுத்துப் போகிறவர் அவர்தான். “தச்சுட்டோமே மச்சான். பஸ்ஸுக்கு நேரம் ஆவுது” என்றார்.

“பிரி.”

கத்திரிக்கோல் வந்து, நூல் அறுந்து, மூட்டையின் வாய் திறந்தது. உள்ளே கல்யாணப் பத்திரிகைகள், மருந்து, ஊறுகாய் டப்பாக்கள். காதர் பாய் கவரை இரண்டு பிளாஸ்டிக் பைக்குள் போட்டு ஒட்டினார். மூட்டைக்குள் வைக்கக் குனிந்தவர், ஊறுகாய் டப்பாக்களைப் பார்த்துவிட்டு நிமிர்ந்தார்.

“இது இதோட போவ வேணாம். மச்சான், நீ சட்டைக்குள்ள வெச்சுக்க. மெட்ராஸ் போனதும் உங்கையால கவுண்டர்ல குடுத்து, ரசீதப் படம் புடிச்சு அனுப்பு. இன்ஷா அல்லாஹ் திங்கக்கெழம போயிரும்.”

பிரித்த மூட்டையைச் சும்மாவே மறுபடி தைத்தார்கள். எங்களை வெறுங்கையோடு விடவில்லை. வீட்டிலிருந்து டீயும் ஒரு டப்பா நிறைய அல்வாவும் வந்தன. ரெஜினாவுக்குச் சர்க்கரை, அவள் டப்பாவின் மூடியைத் திறந்து முகர்ந்து பார்த்துவிட்டு என்னிடம் கொடுத்தாள். திரும்பும் பஸ்ஸில் என் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டாள். கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் படவில்லை.

வியாழக்கிழமை காலை ரசீதின் படம் வந்தது. வெள்ளி, சென்னை. சனி, துபாய். ஞாயிறு முழுக்க துபாயிலேயே கிடந்தது. ரெஜினா சர்ச்சில் பூசை முடிந்து வந்து முதலில் என் போனைத்தான் பார்த்தாள். திங்களும் போனில் துபாய் என்றே காட்டியது. “அங்கியே செட்டில் ஆயிடுச்சா?” என்றாள். செவ்வாய்க்கிழமை காலை ஆறு மணிக்கு எழுந்து பார்த்தேன். அமெரிக்காவில் அப்போது திங்கள் மாலை. ‘ஒப்படைக்கப்பட்டது’ என்று இருந்தது. கையெழுத்திட்டு வாங்கியவர் பெயர்: டோனா.

காதர் பாய்க்குப் போன் செய்தேன். அவர் அல்ஹம்துலில்லாஹ் சொல்லிவிட்டு, “வாங்குனது யாரு, பேரு இருக்கா?” என்று கேட்டார். சொன்னேன். “அந்தப் புள்ளைக்கு எங்க சலாத்தச் சொல்லுங்க” என்றார்.

புதன்கிழமை மதியம் முடிவு வந்தது. பதவியில் இருந்தவர் தோற்றுப்போனார். அதிக வித்தியாசம் இல்லை. நானும் ரெஜினாவும் சோற்றுத் தட்டை வைத்துக்கொண்டு என் போனில் அவர் பேசியதைப் பார்த்தோம். கழுத்துப்பட்டை கொஞ்சம் கோணலாக இருந்தது. ஓட்டுகள் சரியாக எண்ணப்பட்டன, நான் தோற்றுவிட்டேன், ஜெயித்தவருக்கு வாழ்த்துகள், என் அலுவலகத்து ஆட்களுக்கு நன்றி, அவ்வளவுதான் பேசினார்.

“முடிவுல கையெழுத்து யாரு போடணும்?” என்றாள் ரெஜினா.

“இன்னும் ரெண்டு மூணு வாரத்துல அவரேதான் போடணும்.”

அவள் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றி, புதுக் கண்ணால் அவரைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். “பாவம், சாப்புட்டாரோ இன்னாவோ” என்றாள். நான் யாருக்குப் போட்டேன் என்று அவள் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை, இங்கேயும் சொல்லப் போவதில்லை.

ஊர் திரும்பிய நான்காம் நாள், அல்வா டப்பாவை எடுத்துக்கொண்டு மாவட்டத் தேர்தல் அலுவலகத்துக்குப் போனேன். வெளியே முதல் பனி. கவுண்டரில் ஐம்பது வயதுப் பெண், மூக்குக் கண்ணாடி, கம்பளிச் சட்டை. டோனாவைப் பார்க்க வேண்டும் என்றேன். நான்தான் என்றார். இந்தியாவிலிருந்து ஒரு கவர் என்று ஆரம்பித்தேன்.

“அந்த ஈரக் கவரா!” என்றார். “பிளாஸ்டிக்கைப் பிரித்தால் உள்ளே வேர்த்துப்போய் இருந்தது. அப்படியே திறந்தால் கிழிந்துவிடும். ஹீட்டர் மேல் ஒரு துணியை விரித்து ஒரு மணி நேரம் காய வைத்தோம். இரண்டு கட்சி ஆட்களும் பக்கத்திலேயே உட்கார்ந்து காவல் காத்தார்கள். இது எங்கே நனைந்திருக்கும் என்று அவர்களுக்குள் பேச்சு வேறு.”

வெள்ளாற்றுப் பாலத்தில் என்று சொன்னேன். சலாமும் சொன்னேன். அவர் நெஞ்சில் கை வைத்து வாங்கிக்கொண்டார். அல்வாவைத்தான் வாங்கவில்லை, அரசு ஊழியர்கள் பரிசு வாங்கக் கூடாதாம். டப்பாவைத் திறந்து காட்டினேன். பெருமூச்சு விட்டார். பிறகு மேசைக்குக் கீழேயிருந்து ஒரு தாளை எடுத்து என் பக்கம் நகர்த்தினார். அடுத்த தேர்தலுக்கு வாக்குச்சாவடியில் வேலை செய்ய ஆட்கள் வேண்டும். தமிழ் தெரிந்தவர் ஒருவர்கூட இல்லை என்றார்.

அங்கேயே நின்று பூர்த்தி செய்தேன். தாளைப் படம் பிடித்து ரெஜினாவுக்கு அனுப்பினேன். கண்ணாடி இல்லாமலே படித்திருப்பாள். உடனே பதில் வந்தது.

“டிரெய்னிங் கிளாசுக்கு லேட்டாப் போவாதீங்க அண்ணி. மொத வரிசைல ஒக்காருங்க. சாப்பாடு கட்டிட்டுப் போங்க, அவுங்க குடுக்குறத நம்பாதீங்க.”